மௌனக் காமெடிப் படங்களில் ஏன் எல்லாரும் இவ்வளவு வேகமாக ஓடுகிறார்கள்?

சாப்ளின், கீட்டன் காலத்துச் சின்னப் படங்களில் ஏன் எல்லாரும் சாவி கொடுத்த பொம்மை மாதிரி ஓடுகிறார்கள், விழுவதும் உதைப்பதும் துரத்துவதும் தவிர அதில் என்ன இருக்கிறது, பார்ப்பதென்றால் எதிலிருந்து தொடங்குவது என்று கேட்டிருக்கிறீர்கள். மூன்றையும் சேர்த்தே பதில் சொல்கிறேன், ஏனென்றால் அந்த வேகம் எங்கிருந்து வந்தது என்று தெரிந்துவிட்டால் மற்ற இரண்டுக்கும் பாதி பதில் கிடைத்துவிடும்.

அந்தக் காலத்து கேமராவைக் கையால்தான் சுற்றினார்கள். கைப்பிடியை ஒரு முறை சுற்றினால் எட்டு ஃபிரேம், அதாவது ஃபிலிமில் எட்டு தனித்தனி நிலைப்படங்கள் பதிவாகும், வினாடிக்கு இரண்டு சுற்று, ஆக 16 ஃபிரேம். இது பொதுவாகச் சொல்லும் கணக்கு. நடைமுறையில் ஒவ்வொரு கேமராக்காரரின் கையும் ஒவ்வொரு வேகம், தியேட்டரில் புரொஜெக்டர் ஓட்டுகிற ஆபரேட்டர் வைக்கும் வேகம் இன்னொன்று, படம் எடுத்ததைவிடக் கொஞ்சம் கூட்டி ஓட்டுவதுதான் பல தியேட்டர்களில் வழக்கமாக இருந்தது. 1920களின் கடைசியில் பேசும் படம் வந்தபோது வேகம் கொஞ்சம் மாறினாலும் குரல் கீச்சென்றோ கட்டையாகவோ மாறிவிடும் என்பதால் 24 ஃபிரேம் என்று நிலையாக வைத்துவிட்டார்கள். அதற்கப்புறம் வந்த புரொஜெக்டர்களிலும் தொலைக்காட்சியிலும் பழைய மௌனப் படங்களை அதே 24இல் ஓட்டினார்கள். 16இல் எடுத்த காட்சி 24இல் ஓடினால் ஒன்றரை மடங்கு வேகம். நாம் சின்ன வயதில் டிவியில் பார்த்த அந்தத் துடிதுடிப்பு பெரும்பாலும் இப்படி வந்ததுதான், எடுத்தவர் நினைத்தது அதுவல்ல.

மீதி வேகம் வேண்டுமென்றே செய்தது. கேமராக்காரர் கைப்பிடியை மெதுவாகச் சுற்றினால் வினாடிக்குக் குறைந்த ஃபிரேம்கள்தான் பதிவாகும், திரையில் அது வேகமாகத் தெரியும். கார் துரத்தல், ரயிலிலிருந்து மயிரிழையில் தப்புவது, போலீஸ் வண்டியிலிருந்து ஆட்கள் சிதறுவது எல்லாவற்றையும் இப்படித்தான் எடுத்தார்கள். நல்ல படங்களில் ஒரே காட்சிக்குள்கூட இந்த வேகம் மாறும், ஓடும்போது ஒரு கதி, நின்று யோசிக்கும்போது ஒரு கதி. அதாவது வேகம் அவர்கள் கையில் இருந்த ஒரு கருவி, நடிகரும் கேமராக்காரரும் பேசி வைத்துக்கொண்டு செய்த வேலை. எல்லாவற்றையும் ஒரே அடியாக 24இல் ஓட்டும்போது அந்த வேலை முழுக்க அழிந்துபோகிறது.

இதில் நான் முக்கியமாக நினைப்பது உடம்பின் எடை. ஒருவன் படிக்கட்டில் உருளும்போது அவன் எடை நமக்குத் தெரிய வேண்டும், அப்போதுதான் ‘ஐயோ’ என்று மனசு பதறும், அந்தப் பதற்றம்தான் சிரிப்பாக மாறும். வேகத்தைக் கெடுத்தால் எடை போய்விடுகிறது, எடை போனால் விழுவது வெறும் அசைவாகிவிடுகிறது. “இதில் என்ன இருக்கிறது” என்று உங்களுக்குத் தோன்றியதில் நியாயம் இருக்கிறது. நீங்கள் பார்த்த காப்பியில் உண்மையிலேயே அது இல்லாமல் போயிருக்கலாம்.

சரி, படங்களுக்கு வருவோம். முதலில் நீளம். ஒரு ரீல் என்பது 1000 அடி ஃபிலிம், 16 ஃபிரேமில் ஓட்டினால் சுமார் 16 நிமிடம், 24இல் ஓட்டினால் 11 நிமிடம். இரண்டு ரீல் என்றால் இருபது, இருபத்தைந்து நிமிடம். இந்த இரண்டு ரீல் அளவுதான் காமெடிக்கு வீடு மாதிரி அமைந்தது. பெரிய படத்துக்கு முன்னால் காட்டும் துணைப் படமாக அதை வாங்கிப் போட்டார்கள், ஆனால் கூட்டம் பல சமயம் அதற்காகவே வந்தது. இவற்றை முழுநீளப் படத்துக்கான ஒத்திகை என்று சொல்வதை நான் ஏற்கவே மாட்டேன். சிறுகதை நாவலுக்கு ஒத்திகை இல்லை, அதுபோலத்தான் இதுவும்.

ஆரம்பம் 1895இலேயே இருக்கிறது. லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் காட்டிய படங்களில் ஒன்று, தோட்டக்காரர் தண்ணீர் பாய்ச்சும் குழாயை ஒரு பையன் மிதிக்க, என்ன ஆச்சு என்று அவர் குழாய் முனையைப் பார்க்க, பையன் காலை எடுக்க, தண்ணீர் முகத்தில் அடிக்கும். ஒரு நிமிடம்கூட இல்லை. அப்புறம் பிரான்சில் மாக்ஸ் லிண்டர் வந்தார், பட்டுத் தொப்பியும் நல்ல கோட்டும் போட்ட நாசூக்கான மனிதர், முதல் உலகப் போருக்கு முன்னாலேயே உலகம் முழுக்கத் தெரிந்த முகம். சாப்ளின் அவரைத் தன் ஆசான் என்றே சொன்னார். லிண்டரைப் பற்றித் தனியாக எழுத வேண்டும், இங்கே நிறுத்திக்கொள்கிறேன்.

1912இல் தயாரிப்பாளர் மேக் சென்னெட் கீஸ்டோன் கம்பெனியைத் தொடங்கி லாஸ் ஏஞ்சலஸில் படம் எடுக்க ஆரம்பித்தார். மேபல் நார்மண்ட், ராஸ்கோ ஆர்பக்கிள், ஃபோர்ட் ஸ்டெர்லிங் என்று காமெடி நடிகர்கள் எல்லாரும் அங்கே இருந்தார்கள். ஊரில் ஊர்வலமோ பந்தயமோ திருவிழாவோ நடந்தால் கேமராவைத் தூக்கிக்கொண்டு போய், நடப்பதைப் பின்னணியாக வைத்து ஒரு படம் எடுத்துவிடுவார்கள். 1914 பிப்ரவரியில் வெளியான ‘கிட் ஆட்டோ ரேசஸ் அட் வெனிஸ்’ அப்படி எடுத்ததுதான். கலிஃபோர்னியாவின் வெனிஸ் கடற்கரைப் பகுதியில் சிறுவர்கள் வண்டி ஓட்டும் நிஜப் பந்தயம் நடந்துகொண்டிருக்கிறது. அதைப் படம் பிடிக்க வந்த கேமராவுக்கு முன்னால் ஒரு ஆள் திரும்பத் திரும்ப வந்து நிற்கிறான், தள்ளிவிட்டாலும் வருகிறான். தொளதொளக் கால்சட்டை, இறுக்கமான கோட்டு, தொப்பி, பிரம்பு, சின்ன மீசை. அந்த வேஷத்தில் சாப்ளினை உலகம் முதன்முதலில் திரையில் பார்த்த படம் இது. அரை ரீல்தான், மீதி அரை ரீலில் ஆலிவ் எண்ணெய் பற்றிய தகவல் படம் ஒன்றைச் சேர்த்து விற்றார்கள்.

இந்தப் படத்தில் என்னை மறுபடி மறுபடி இழுப்பது பின்னால் நிற்கும் கூட்டம். அவர்கள் துணை நடிகர்கள் கிடையாது, பந்தயம் பார்க்க வந்த ஊர் ஜனங்கள். இந்த ஆள் யார் என்று அவர்களுக்குத் தெரியாது. முதலில் எரிச்சலாகவும் குழப்பமாகவும் பார்க்கிறார்கள், கொஞ்சம் கொஞ்சமாக ஒவ்வொரு முகமாகச் சிரிப்பு வருகிறது. இன்னும் சில மாதங்களில் அமெரிக்கா முழுக்கத் தெரியப்போகிற ஒரு உருவத்தைக் கண்ட முதல் பார்வையாளர்கள் அவர்கள், அந்தக் கணம் அப்படியே ஃபிலிமில் இருக்கிறது.

மற்றபடி கீஸ்டோன் படங்கள் எல்லாமே நல்ல படங்கள் என்று சொல்ல மாட்டேன். பலவற்றில் உதை மட்டும்தான் இருக்கிறது. ஆனால் மேபல் நார்மண்டை மட்டும் தவறவிடாதீர்கள். அவர் சென்னெட்டின் பெரிய நட்சத்திரம், 1914இலேயே படங்களை இயக்கவும் செய்தார், சுற்றி எல்லாரும் கத்திக் கையாட்டும்போது கண்ணாலேயே ஒரு காட்சியை நடத்துகிறவர்.

சாப்ளினுக்குக் கீஸ்டோனில் வாரம் 150 டாலர் சம்பளம். அடுத்த கம்பெனியில் 1250. 1916இல் மியூச்சுவல் கம்பெனி அவருக்கு வாரம் பத்தாயிரம் டாலரும், கையெழுத்துப் போட்டதற்கு ஒன்றரை லட்சமும் கொடுத்தது, ஆக மொத்தம் வருஷத்துக்கு 6,70,000 டாலர். அப்போது அவருக்கு வயது 26. அந்தப் பணத்தில் அவர் வாங்கியது நேரம் என்றுதான் நான் சொல்வேன். வருஷத்துக்குள் பன்னிரண்டு இரண்டு ரீல் படம் என்று ஒப்பந்தம், ஆனால் அதை முடிக்க ஒன்றரை வருஷம் எடுத்துக்கொண்டார். கீஸ்டோனில் இருந்தபோது ஒரே வருஷத்தில் முப்பத்தைந்து படங்களுக்கு மேல் நடித்த மனிதர் அவர்.

அந்த நேரத்தில் என்ன செய்தார் என்று நமக்குத் தெரிந்தது மௌனப் படங்களை ஆராய்ந்த கெவின் பிரவுன்லோ, டேவிட் கில் இருவரும் 1983இல் வெளியிட்ட ‘அன்நோன் சாப்ளின்’ என்ற தொலைக்காட்சித் தொடரால். ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்ததில் சாப்ளின் கழித்துப்போட்ட டேக்குகள் அவர்கள் கையில் கிடைத்தன, எண்களை வைத்து வரிசைப்படுத்திப் பார்த்தபோது அவர் எழுதி வைத்த கதை எதுவும் இல்லாமல் கேமராவை ஓடவிட்டே யோசித்தார் என்று தெரிந்தது. 1917இல் வந்த ‘தி இமிக்ரன்ட்’ நல்ல உதாரணம். நமக்குப் படத்தில் முதலில் வருவது கப்பல், ஐரோப்பாவிலிருந்து அமெரிக்காவுக்கு வரும் ஏழைகள், அப்புறம் ஓட்டல் காட்சி. எடுக்கும்போது தலைகீழ். ஒரு சாப்பாட்டுக் கடை, அதில் காசில்லாத ஒருவன், எதிரில் ஒரு பெண், இவ்வளவுதான் முதலில் இருந்தது. சர்வராக முதலில் ஹென்றி பெர்க்மன் நடித்தார். பயம் போதவில்லை என்று அவரை மாற்றி மலை மாதிரி இருக்கும் எரிக் காம்ப்பெல்லைப் போட்டார்கள், உடனே காட்சிக்கு உயிர் வந்தது. காசு குறைந்த ஒரு ஆளை சர்வர்கள் கூடி அடித்து வெளியே போடுவதை சார்லி பார்க்கிறான், தன் பையைத் தடவுகிறான், பையில் ஓட்டை. அதற்கப்புறம் அவன் முகத்தையும் அந்த ஒற்றைக் காசு போகும் பாதையையும் பார்த்துக்கொண்டே இருக்கலாம். இந்த இருவரும் ஏன் இவ்வளவு ஏழையாக இருக்கிறார்கள், இதற்கு முன் எங்கே சந்தித்தார்கள் என்று யோசித்துத்தான் பிற்பாடு கப்பலைச் சேர்த்தார் சாப்ளின். கப்பல் ஆடுவதற்காக கேமராவையே ஆட்டினார்கள், சாப்பாட்டு அறை செட்டை அசையும் தளத்தின் மேல் கட்டினார்கள்.

இதே படத்தில், சுதந்திர தேவி சிலை தெரிகிறது என்று எல்லாரும் ஆசையாகப் பார்க்கிற அடுத்த நிமிடமே அதிகாரிகள் கயிற்றைப் போட்டு ஜனங்களை ஆடுமாடு போல ஒதுக்கி நிறுத்துகிறார்கள். ஒரு வசனமும் இல்லாமல், காட்சிகளுக்கு இடையே வரும் எழுத்து அட்டை ஒன்றில்கூட எழுதிக் காட்டாமல், இதைவிடத் தெளிவாக அந்த விஷயத்தை யார் சொல்லியிருக்கிறார்கள் என்று எனக்குத் தெரியவில்லை. (எரிக் காம்ப்பெல் அதே 1917 டிசம்பரில் கார் விபத்தில் இறந்துபோனார். அவருக்கு ஈடான ஒரு எதிராளி சாப்ளினுக்கு அப்புறம் அமையவே இல்லை என்பது என் கருத்து.)

இப்போது பஸ்டர் கீட்டன். ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன், இரண்டு ரீல் காமெடி என்ற வடிவத்தை முழுமையாகக் கையாண்டவர் இவர்தான் என்று நினைக்கிறேன். அப்பா அம்மாவோடு நாடக மேடைகளில் வளர்ந்த பையன். அப்பா அவனை மேடையில் தூக்கித் தூக்கி எறிவார், எறிவதற்கு வசதியாக கோட்டின் முதுகில் பெட்டிக்குப் போடுகிற மாதிரி ஒரு கைப்பிடி தைத்திருந்தார்கள். எப்படி விழுந்தால் அடிபடாது என்பதையும், விழுந்து எழுந்து முகத்தை இறுக்கமாக வைத்துக்கொண்டால் கூட்டம் இன்னும் அதிகமாகச் சிரிக்கும் என்பதையும் அங்கேதான் கற்றுக்கொண்டார். 1917இல் நியூயார்க்கில் ஆர்பக்கிளின் படத்தில் நடிக்க வந்தார். வந்ததும் அவர் ஆர்வம் போனது கேமரா மேல். அதைப் பிரித்துப் பார்த்து உள்ளே என்ன நடக்கிறது என்று தெரிந்துகொண்டதாகப் பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார்.

1920இலிருந்து 1923 வரை சொந்தமாகப் பத்தொன்பது குறும்படங்கள் எடுத்தார். முதலில் வெளியிட்டது ‘ஒன் வீக்’. புதுசாகக் கல்யாணமான ஜோடிக்கு ஒரு மாமா மனையும் வீடும் பரிசளிக்கிறார். வீடு பெட்டிகளில் வருகிறது, நாமே எண் பார்த்து மாட்டிக் கட்டிக்கொள்ள வேண்டும். கல்யாணப் பெண்ணை விரும்பி ஏமாந்த ஒருவன் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். கட்டி முடிக்கும்போது வீடு கோணல்மாணலாக நிற்கிறது, மேல்மாடிக் கதவைத் திறந்தால் வெறும் ஆகாயம், கீட்டன் அதில் கால் வைத்துக் கீழே விழுகிறார். விழுவது அவரேதான், வேறு ஆள் இல்லை. அப்புறம் புயல் அடிக்கிறது, வீடே சுழல்கிறது. அந்த வீட்டை நிஜமாகவே சுழலும் மேடை மேல் கட்டியிருந்தார்கள். வெளியேயிருந்து உள்ளே போக முயல்கிறவர் சுழலும் வாசலைக் குறிபார்த்துப் பாய்கிறார், தவறுகிறது, மறுபடி பாய்கிறார்.

முடிவுதான் எனக்கு எல்லாவற்றிலும் பிடித்தது. வீட்டைத் தவறான மனையில் கட்டிவிட்டோம் என்று தெரிந்து, தண்டவாளத்துக்கு அந்தப்பக்கம் இழுத்துப் போகிறார்கள். நடுவில் மாட்டிக்கொள்கிறது. தூரத்தில் ரயில் வருகிறது. இருவரும் கண்ணை மூடிக்கொள்ள, ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. நாமும் மூச்சு விடுகிறோம். அந்த மூச்சு முடிவதற்குள் எதிர்ப்பக்கமிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டைச் சுக்குநூறாக்குகிறது. நாம் எங்கே பார்க்கிறோம், எப்போது தளர்கிறோம் என்பதை எடுத்தவர் துல்லியமாகக் கணக்கிட்டிருக்கிறார். வேகம் பற்றிச் சொன்னேன் அல்லவா, இந்த இரண்டு ரயில்களுக்கும் நடுவே இருக்கும் இடைவெளி காப்பியின் வேகத்தால் கொஞ்சம் குறைந்தாலும் காட்சி செத்துவிடும். நாம் தளர்வதற்கு நேரம் கிடைக்காது.

இன்னொன்றையும் கவனியுங்கள், கீட்டன் இந்த இடங்களில் கேமராவைத் தள்ளி வைக்கிறார், முகத்தின் அருகே போவதில்லை. ஆள், வீடு, தண்டவாளம், ரயில் எல்லாம் ஒரே ஃபிரேமில் இருக்க வேண்டும், வெட்டி ஒட்டினால் நம்ப மாட்டார்கள் என்பது அவர் கொள்கை. சிபில் சீலி என்ற நடிகை இதில் மனைவியாக வருகிறார். கணவன் செய்கிறதை வேடிக்கை பார்க்கிற வேலை அவருக்கு இல்லை, சுத்தியலும் கையுமாகச் சரிசமமாக உழைக்கிறார், அதனால்தான் வீடு போனபிறகு இருவரும் கையைக் கோத்துக்கொண்டு நடக்கும்போது மனசு நிறைகிறது.

1921இன் ‘தி பிளேஹவுஸ்’ வேறு வகை. அதற்கு முந்தைய படம் ஒன்றின் வேலையில் கீட்டனுக்குக் கணுக்கால் முறிந்திருந்தது, குதித்து ஓட முடியாத நிலையில் யோசித்த படம் இது. ஒரு நாடகக் கொட்டகை. மேடையில் நடிப்பவர்கள், வாத்தியக்காரர்கள், பால்கனியில் உட்கார்ந்திருக்கும் கிழவர், பாட்டி, குழந்தை எல்லாரும் கீட்டனே. ஒரு ஷாட்டில் ஒன்பது கீட்டன்கள் வரிசையாக நிற்கிறார்கள். கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில் எப்படி என்றால், லென்சுக்கு முன்னால் ஒரு மறைப்பு, அதில் ஒரு சின்னப் பட்டை மட்டும் திறந்திருக்கும். ஒரு கீட்டனை எடுத்துவிட்டு, ஃபிலிமைச் சரியாக அதே ஃபிரேமுக்குப் பின்னோக்கிச் சுற்றி, அடுத்த பட்டையைத் திறந்து அடுத்த கீட்டனை எடுக்க வேண்டும். ஒன்பது தடவை. கேமராக்காரர் எல்ஜின் லெஸ்லி ஒவ்வொரு தடவையும் ஒரே வேகத்தில் கையால் சுற்றியிருக்கிறார், கொஞ்சம் பிசகினாலும் ஒன்பது பேரும் வெவ்வேறு தாளத்தில் ஆடியிருப்பார்கள். மனிதக் கை செய்த வேலை அது. அந்தக் காட்சி வெள்ளையர்கள் முகத்தில் கருப்பு பூசி நடிக்கும் மேடை நிகழ்ச்சி வகையைச் சேர்ந்தது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். அக்காலக் காமெடிகளில் கறுப்பின மக்களையும் சீனர்களையும் இழிவாகக் காட்டும் இடங்கள் நிறைய இருக்கின்றன, வீட்டில் குழந்தைகளோடு பார்த்தால் அங்கே நிறுத்திப் பேசிவிட்டுப் போவது நல்லது.

ஹரால்ட் லாய்ட் பற்றிச் சுருக்கமாக. 1917இல் வெறும் கண்ணாடி ஒன்றை மாட்டிக்கொண்டு பக்கத்து வீட்டுப் பையன் போல வந்தார், கோமாளி வேஷமே இல்லை. 1919இல் ஒரு புகைப்படத்துக்காக டம்மி என்று நினைத்துக் கையில் பிடித்த குண்டு வெடித்து வலது கையில் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போய்விட்டன. கட்டட உச்சியில் அவர் தொங்குகிற புகழ்பெற்ற காட்சிகள் அதற்கப்புறம் எடுத்தவை, கையுறைக்குள் செயற்கை விரல் வைத்துக்கொண்டு.

மௌனக் காலம் முடியும் தறுவாயில் லாரலும் ஹார்டியும் எல்லாரும் ஓடிய ஓட்டத்தை நிறுத்திவிட்டார்கள். 1929இல் வந்த ‘பிக் பிசினஸ்’ பாருங்கள். வெயிலடிக்கும் கலிஃபோர்னியாவில் இருவரும் வீடு வீடாகக் கிறிஸ்துமஸ் மரம் விற்கிறார்கள். வீட்டுக்காரராக வரும் ஜேம்ஸ் ஃபின்லேசன் வேண்டாம் என்கிறார். மரம் கதவிடுக்கில் மாட்டுகிறது, சண்டை ஆரம்பிக்கிறது. ஒருவர் மற்றவரின் பொருளை உடைக்கிறார், மற்றவர் ஓடி வந்து தடுப்பதில்லை, நின்று முழுசாகப் பார்க்கிறார், யோசிக்கிறார், அப்புறம் நிதானமாகப் போய் இவருடையதை உடைக்கிறார். கார் ஒரு பக்கம், வீடு ஒரு பக்கம். போலீஸ்காரர் ஒருவர் வண்டிக்குள் உட்கார்ந்தபடி எல்லாவற்றையும் குறித்துக்கொண்டிருக்கிறார். துரத்தலை நம்பாமலேயே கால்மணி நேரத்துக்கு மேல் சிரிக்க வைக்கிறார்கள். அவர்களுக்கு இந்த நிதானத்தைப் பிடித்துக் கொடுத்ததில் ஹால் ரோச் ஸ்டூடியோவில் இருந்த இயக்குநர் லியோ மெக்கேரிக்குப் பெரிய பங்கு உண்டு.

தொடங்க வேண்டியது எதில் என்றால், முதலில் ‘ஒன் வீக்’, அப்புறம் ‘தி இமிக்ரன்ட்’, மூன்றாவதாக ‘பிக் பிசினஸ்’. கீஸ்டோன் படங்களுக்கு அதற்கப்புறம் போங்கள். ஒரு நாளைக்கு ஒன்று போதும். ஒரே மூச்சில் நாலைந்து பார்த்தால் எல்லாம் ஒன்றோடொன்று கலந்துவிடும், அந்தக் காலத்தில் யாரும் அப்படிப் பார்க்கவும் இல்லை.

காப்பி விஷயத்தில் கவனமாக இருங்கள். இந்தப் படங்களில் பெரும்பாலானவற்றுக்கு அமெரிக்காவில் காப்புரிமை முடிந்துவிட்டதால் யார் வேண்டுமானாலும் ஏற்றலாம், அதனால் பத்துத் தடவை நகலெடுத்து வெளுத்துப்போன, ஓரம் வெட்டுப்பட்ட பிரிண்ட்கள்தான் இணையத்தில் முதலில் கண்ணில் படும். சாப்ளினின் பழைய படங்களைத் திரும்பத் திரும்ப வெளியிட்டுத் தலைப்பை மாற்றி, இடையில் வெட்டி, மூலநெகட்டிவ் தேய்கிற வரை பிரிண்ட் போட்டுவிட்டார்கள். இத்தாலியின் போலோனா நகரத்துத் திரைப்பட ஆவணக் காப்பகமும் பாரிஸின் லோப்ஸ்டர் ஃபிலிம்ஸும் பல நாட்டுப் பிரிண்ட்களைத் தேடிச் சேர்த்து, ஒவ்வொரு ஷாட்டுக்கும் நல்லது எதுவோ அதை எடுத்து மறுபடி கட்டியிருக்கிறார்கள். அந்தப் பதிப்புகளைத் தேடுங்கள். லாய்டின் ஆரம்பகாலப் படங்கள் பல 1943இல் அவர் வீட்டு ஃபிலிம் கிடங்கில் பிடித்த தீயில் போய்விட்டன, நைட்ரேட் ஃபிலிம் அப்படி எரியும். மறுபக்கம், தொலைந்துபோனதாக நினைத்திருந்த 1914ஆம் வருஷத்து ‘எ தீஃப் கேச்சர்’ 2010இல் பழம்பொருள் விற்பனையில் வாங்கிய ஒரு ஃபிலிம் சுருளிலிருந்து கிடைத்தது, அதில் சாப்ளின் போலீஸ்காரராகக் கொஞ்ச நேரம் வருகிறார்.

நல்ல பதிப்பு கிடைக்காமல் யூடியூபில்தான் பார்க்க வேண்டியிருந்தால் ஒரு வழி சொல்கிறேன். யாராவது சாதாரணமாக நடக்கும் இடத்தைப் பாருங்கள். கால் தரையில் பதியாமல் துள்ளுவது போல இருந்தால் அது 24இல் ஓடும் காப்பி. அமைப்பில் வேகத்தை 0.75 என்று வையுங்கள், கணக்குப்படி வினாடிக்கு 18 ஃபிரேம் ஆகிவிடும், பெரும்பாலான 1910களின் படங்களுக்கு அது சரியாக வரும். பின்னால் ஒட்டியிருக்கும் இசை இழுபடும், அதை மௌனமாக்கிவிட்டு உங்களுக்குப் பிடித்த ஒரு பியானோ இசையைத் தனியாக ஓடவிடுங்கள். படம் பிடித்திருந்தாலும் பிடிக்காவிட்டாலும், எந்தக் காப்பியைப் பார்த்தீர்கள் என்று சேர்த்து எழுதுங்கள், அடுத்து என்ன பார்க்கலாம் என்று சொல்கிறேன்.